குவைத்தில் மட்டும் வந்த கதைகள்

சென்ற மாதம் இணையத்தில் ஒரு பட்டியல் கண்ணில் பட்டது. நாம் பள்ளியில் படித்த காலத்தில் ஓடிய ஒரு கார்ட்டூனின் எல்லாக் கதைகளையும் அதன் ரசிகர்கள் வரிசை எண் போட்டுத் தொகுத்து வைத்திருக்கிறார்கள். ஜப்பானில் நிஜமாகவே பாடிக்கொண்டிருந்த இரண்டு பெண்களை வைத்து வரைந்த கார்ட்டூன் அது. முடியில் வெள்ளை எட்டிப் பார்க்கும் இந்த வயதில் உங்களில் சிலருக்காவது அது நினைவிருக்கும். ஒருத்தி நெட்டை, டிரம் அடிப்பாள். இன்னொருத்தி குட்டை, கிட்டார் வாசிப்பாள். ஊர் ஊராகப் பாடப் போவார்கள். எந்த ஊருக்கும் நேரத்துக்குப் போய்ச் சேர மாட்டார்கள். ஒவ்வொரு கதையும் அவர்கள் ஏன் தாமதமானார்கள் என்பதுதான்.

எதையும் சரிபார்க்காமல் விடுவது என் வழக்கமில்லை. பட்டியலை அச்செடுத்து, பென்சிலோடு உட்கார்ந்து, நினைவில் இருப்பவற்றுக்கெல்லாம் அடையாளம் போட்டேன். எனக்கு மிகத் தெளிவாக நினைவிருந்த மூன்று கதைகள் அதில் இல்லை. தூசிப்புயலில் வழி தவறி ஒரு கல்யாண வீட்டில் பாடிய கதை, விமான நிலையத்தில் கிட்டார் பெட்டி மாறிப்போன கதை, கடல் நீரைக் குடிநீராக்கும் ஆலைக்குள் டிரம் விழுந்த கதை. ரசிகர்களின் கவனக்குறைவு என்று சற்று நேரம் கோபமாக இருந்தது. அதன் பிறகுதான் சிரிப்பு வந்தது. அந்த மூன்றும் எந்தத் தொலைக்காட்சியிலும் வந்தவை இல்லை. நானும் என் தோழியும் உண்டாக்கியவை. ஏன் உண்டாக்கினோம் என்பதை ஒருமுறையாவது ஒழுங்காக எழுதி வைத்துவிடலாம் என்று தோன்றியது.

அப்போது நாங்கள் குவைத்தில் மங்காஃப் என்ற இடத்தில் இருந்தோம். இரண்டு அறை வீடு, இரண்டாவது மாடி. கட்டடத்துக்கு நான்கு மாடி, மாடிக்கு இரண்டு வீடு. நான்காவது மாடிக்கும் மேலே, மொட்டைமாடியில் ஒரு தகர அறை. அதில் குடும்பத்தை ஊரில் விட்டு வந்த நான்கு பேர் இருந்தார்கள். அவர்களில் ஒருவர்தான் இந்தக் கதைக்குரியவர். இராமநாதபுரம் பக்கத்துக்காரர். ரிஃபைனரியில் கனமான இரும்புச் சாமான்களைக் கயிறும் சங்கிலியும் கட்டி கிரேனில் ஏற்றிவிடும் ரிக்கர் வேலை. நாங்கள் அவரை டிஷ் மாமா என்று கூப்பிட்டோம். மொட்டைமாடியில் இருந்த டிஷ்ஷும் அதன் ரிசீவரும் அவர் வாங்கிப் போட்டவை.

அந்த ஏற்பாட்டை இன்றைய பிள்ளைகளிடம் சொன்னால் நம்பமாட்டார்கள். நீங்கள் நம்புவீர்கள். கட்டடம் முழுவதற்கும் ஒரே ரிசீவர். அதிலிருந்து எட்டு வீட்டுக்கும் கறுப்பு வயர் சுவரோரமாக இறங்கி, ஜன்னல் இடுக்கு வழியாக உள்ளே வரும். மாமாவின் அறையில் எந்தச் சேனல் ஓடுகிறதோ அதுதான் எட்டு வீட்டிலும் ஓடும். அவர் சேனலை மாற்றினால் எட்டு வீட்டிலும் மாறும். சண்டை வராமலிருக்க ஒரு கால அட்டவணை உண்டு. லிஃப்டுக்குப் பக்கத்துச் சுவரில் ஒட்டியிருக்கும். என் கையெழுத்து நன்றாக இருக்கும் என்பதால் அதை எழுதும் பொறுப்பு எனக்கு. மாலை நாலரையிலிருந்து ஐந்து வரை பிள்ளைகள். ஐந்திலிருந்து ஏழு வரை மலையாளம். ஏழிலிருந்து பத்து வரை தமிழ்த் தொடர்கள். அதன் பிறகு மாடி அறைக்காரர்கள் விருப்பம். ஸ்கேல் வைத்து இரட்டைக் கோடு போட்டிருப்பேன்.

நாலரை மணி அரைமணி நேரத்தில் வியாழக்கிழமைதான் எங்களுக்கு முக்கியம். அன்றுதான் நெட்டையும் குட்டையும் வருவார்கள். அப்போது குவைத்தில் வியாழனும் வெள்ளியும் விடுமுறை.

எதிர்வீட்டு யாழ்ப்பாணத்துக் குடும்பத்தின் மகள் என் வகுப்பு. எனக்கு ஒரே தோழி. நாங்கள் இருவரும் சேர்ந்து ரசிகர் சங்கம் ஒன்று வைத்திருந்தோம். அவள் தலைவி, நான் செயலாளர். வேறு உறுப்பினர் இல்லை. அவளுடைய அண்ணன் முறையானவர் ஒருவர் பக்கத்து ஊரான ஃபஹாஹீலில் இன்டர்நெட் கடையில் அந்த நிஜப் பாடகிகளின் படத்தை அச்செடுத்துத் தந்திருந்தார். மை குறைந்த அச்சு. இருவர் முகத்திலும் பச்சைக் கோடு ஓடும். அதைச் சுற்றி அவள் மினுமினுப்புப் பசையால் சட்டம் வரைந்திருந்தாள். கடையில் கேக் வாங்கினால் ஒட்டியிருக்கும் பொன்னிறக் காகிதத்தின் வாசனை அந்தப் படத்துக்கு இருந்தது. இன்று அது எங்கே போனது என்று அவளுக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை.

என்னிடம் இருந்தது நோட்டு. இருநூறு பக்கம், பழுப்பு அட்டை போட்டது. வரிசை எண், நாள், ஊர், என்ன உடைந்தது, என்ன பாட்டு, எத்தனை நிமிடம் தாமதம், குறிப்பு என ஏழு பத்திகள். நான் இன்றுவரை நாட்குறிப்பு எழுதுகிறேன் என்றால் அதன் தொடக்கம் அந்த நோட்டுதான். வீடு மாறும்போது அதுவும் போய்விட்டது.

ஒரு வியாழக்கிழமை, குளிர் தொடங்கும் சமயம், காற்று பலமாக அடித்தது. கதை பாதியில் இருக்கும்போது திரையில் பூச்சி பறந்தது. படம் இரண்டு வினாடி வரும், போகும். நாங்கள் இருவரும் மாடிக்கு ஓடினோம். அங்கே டிஷ் மாமா ஒரு கையால் டிஷ்ஷைப் பிடித்துக்கொண்டு, கழுத்தை எக்கி, திறந்த கதவு வழியாக அறைக்குள் ஓடும் தொலைக்காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். இன்னொரு கையில் பென்சில். காலடியில் எழுதுவதற்கு ரிஃபைனரியின் பழைய பர்மிட் தாள் ஒன்று, பறக்காமலிருக்க அதன்மேல் ஒரு ஸ்பானர்.

"மாமா, படம் வரேல்ல!" என்றாள் தோழி.

"தெரியுதுத்தா. அதான் புடிச்சுக்கிட்டு நிக்கிறேன். நீங்க வந்ததும் நல்லதாப் போச்சு. இந்தக் குட்டக்காரி இப்ப என்ன சொல்றா?"

"பாலம் உடைஞ்சு போச்சுன்னு சொல்றா."

"பாலமா? நான் மழைன்னு எழுதிட்டேன்."

அவருக்கு ஆங்கிலம் தெரியாது. படத்தைப் பார்த்து ஊகித்து எழுதிக்கொண்டிருந்தார். எதற்கு என்று நான் கேட்டேன். அவர் முதலில் சிரித்து மழுப்பினார். தோழி விடவில்லை. "சொல்லுங்கோ மாமா, நீங்களும் எங்கட சங்கத்தில சேரப் போறியளோ?"

அப்போதுதான் சொன்னார். ஊரில் அவருக்கு எங்கள் வயதில் ஒரு மகள். வெள்ளிக்கிழமை தோறும் பகல் பன்னிரண்டுக்கு, அங்கே இரண்டரை மணிக்கு, தொலைபேசிக் கார்டு போட்டு ஊருக்குப் பேசுவார். ஒரு கார்டு பன்னிரண்டு நிமிடம்.

"எம்பொண்ணு போன எடுக்கும். 'சாப்ட்டியாத்தா'ம்பேன். 'ம்'முங்கும். 'படிக்கிறியா'ம்பேன். 'ம்'முங்கும். 'அம்மாட்ட குடுக்கவா'ங்கும். அம்புட்டுத்தான். ஆறு மாசமா இதான் பேச்சு. போன தடவ லீவுக்குப் போயிருந்தப்பகூட கதவுக்குப் பின்னாடியே நின்னுச்சு. அது அம்மாதான் சொன்னா, ஞாயித்துக்கெழம காலையில இந்த ரெண்டு பேரு படம் வந்தா சோத்தக்கூட மறந்துருதுன்னு. சரி, அதப் பத்திப் பேசிப் பாப்போம்னு..."

நான் என் நோட்டைப் பற்றிச் சொன்னேன். அவர் கண்ணை விரித்துப் பார்த்தார். "எல்லாம் எழுதி வச்சிருக்கியா? எல்லாமுமா?"

அன்றிலிருந்து அது வாராந்திர வேலை. வெள்ளிக்கிழமை காலை காயப்போட்ட துணியை எடுக்க நாங்கள் மாடிக்குப் போவோம். மாடியின் அந்த நேரம் எனக்குப் பிடிக்கும். வெயில் ஏறிய தண்ணீர்த் தொட்டியில் சாய்ந்து நின்றால் முதுகு கதகதப்பாக இருக்கும். கிழக்கே இரண்டு கட்டடங்களுக்கு நடுவே ஒரு விரல் அகலத்துக்குக் கடல். தெற்கே ரிஃபைனரியின் தீக்கொழுந்து, பகலிலும் தெரியும். பக்கத்துக் கட்டடத்தில் யாரோ மீன் பொரிக்கும் வாசனை. மாமா கவிழ்த்த பெயிண்ட் வாளிமேல் உட்கார்ந்திருப்பார். நான் வாசிப்பேன். அவர் வேலையிடத்தில் சூப்பர்வைசர் சொன்னதைத் திருப்பிச் சொல்வதுபோல ஒருமுறை முழுதாகத் திருப்பிச் சொல்வார். நடுவில் சந்தேகம் வேறு.

"வண்டி பாலத்துல தொங்குச்சு, கிரேன் வந்து தூக்குச்சுன்னியே. தூக்குற கயிறு, ஸ்லிங்கு, எங்கிட்டுப் போட்டாக?"

"முன்னாடி பம்பர்ல மாமா."

"முன்னாடி மட்டுமா? வண்டி செங்குத்தால நிக்கும். உள்ள இருக்க டிரம்மு எல்லாம் பின்னாடி வந்து விழுகும். யாரு அவுகளுக்கு ரிக்கரு?"

"மாமா, இது கார்ட்டூன்!" என்பாள் தோழி.

"கார்ட்டூனா இருந்தா மட்டும் விழுகாதா?"

அந்தப் பாலத்துக் கதையை அவர் முதல் வெள்ளிக்கிழமை மகளிடம் சொன்னார். பதில் "ம்". அடுத்த வாரம் அடுத்த கதை. அதற்கும் "ம்". மூன்றாவது வாரமும் அப்படியே. எங்களுக்கு அவமானமாக இருந்தது. கதையை நான் சரியாகத்தான் எழுதியிருந்தேன். நேரம், ஊர், உடைந்த சாமான் எல்லாமே சரி.

நான்காவது வெள்ளி நாங்கள் துணியோடு இறங்கப் போகும்போது மாமா போனைக் காதில் வைத்தபடி கையை ஆட்டி எங்களை நிறுத்தினார். பிறகு ஸ்பீக்கரில் போட்டார்.

"...பாலம் ஒடைஞ்சது, கிரேனு வந்தது, எல்லாம் அப்பிடியே நடந்துச்சு! ஒங்களுக்கு எப்பிடித் தெரியும்? நாங்க இந்த ஞாயித்துக்கெழமதான பாத்தோம்! நீங்க எப்பவோ சொல்லிட்டீக!"

குவைத்தில் வந்தது ஊருக்குப் போக இரண்டு வாரத்துக்கு மேல் ஆகிறது என்று அப்போதுதான் எங்களுக்குப் புரிந்தது. ஒரு வெள்ளிக்கிழமை அப்பா சொல்வது பதினாறாம் நாள், ஞாயிற்றுக்கிழமை காலை, தமிழ்க் குரலில் அவள் வீட்டில் நடக்கும். வரப்போவதை முன்கூட்டியே சொல்பவராகிவிட்டார் அவள் அப்பா. அன்று அவள் ஒன்பது நிமிடம் பேசினாள். அவள் அம்மாவுக்கு மூன்று நிமிடம் மிஞ்சியது. பின்னாலிருந்து அந்த அம்மா "எனக்கும் கொஞ்சம் குடுடி" என்று கத்தியது எங்களுக்கே கேட்டது.

மாமா எங்களுக்கு பக்காலா என்னும் கீழே உள்ள மளிகைக் கடையிலிருந்து ஆளுக்கொரு மாம்பழச் சாறு வாங்கி வந்தார். தோழி அதைக் குடிக்காமல் சங்கத்தின் முதல் வருமானம் என்று இரண்டு நாள் வைத்திருந்தாள்.

டிசம்பர், ஜனவரி முழுக்க இப்படியே போயிற்று. மகள் பள்ளிக்கூடத்தில் அடுத்த கதை சொல்பவளாகி, அவளைச் சுற்றி ஒரு கூட்டமே சேர்ந்துவிட்டது என்று மாமா சொன்னார். சொல்லும்போது தோள் கொஞ்சம் உயரும்.

பிப்ரவரியில் முழு ஆண்டுத் தேர்வு அட்டவணை வந்தது. அதைத் தொடர்ந்து ஒவ்வோர் ஆண்டும் நடக்கும் சம்பவமும் நடந்தது. அதாவது எட்டு வீட்டு அம்மாக்களும் கூடி, தேர்வு முடியும்வரை பிள்ளைகள் நேரத்தை ரத்து செய்வார்கள். எட்டு வீட்டுக்கும் ஒரே ரிசீவர் என்பதால் பூட்டுப் போட வேண்டிய கதவும் ஒன்றுதான். ஆனால் முந்தின ஆண்டுகளில் இரண்டு வாரம்தான். இந்த ஆண்டு என் கணக்கு மதிப்பெண்ணைப் பார்த்துவிட்டு அம்மா ஆறு வாரம் என்றாள். அம்மா திருநெல்வேலிக்காரி. தீர்மானித்துவிட்டால் மாற்ற முடியாது.

அம்மா மாடிக்கு ஏறி டிஷ் மாமாவிடம் சொல்லப் போனபோது நானும் கூடப் போனேன்.

"அண்ணாச்சி, பிள்ளேளுக்குப் பரீட்ச வருது. நாலரைலருந்து அஞ்சு வரைக்கும் செய்தி போட்டுருங்க. அந்த ஜப்பான்காரியளப் பாத்துக்கிட்டு இவளுவ புத்தகத்தத் தொட மாட்டேங்காளுவ."

மாமா என்னை ஒரு கணம் பார்த்தார். "எத்தன வாரத்துக்கும்மா?"

"ஆறு வாரம்."

"சரிம்மா. புள்ளைக படிப்புன்னா மாத்திர வேண்டியதுதான்."

"நீங்களும் அதப் பாப்பீகளாமே," என்று அம்மா சிரித்தாள். "ஒங்களுக்கும் பரீட்சையா அண்ணாச்சி?"

அவரும் சிரித்தார். இறங்கி வரும்போது அம்மா என்னிடம், "இந்த வயசுல கார்ட்டூன் பாக்காரு பாரு, பாவம், வெவரம் இல்லாத மனுசன்," என்றாள். வந்ததும் லிஃப்ட் பக்கத்து அட்டவணையில் நாலரை மணி வரியை ஸ்கேல் வைத்து அடிக்கச் சொன்னாள். நானே அடித்தேன்.

மகளுக்காகத்தான் பார்ப்பதாக அம்மாவிடம் அவர் ஏன் சொல்லவில்லை என்று அடுத்த வெள்ளி கேட்டேன். ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வியாழன் அரைமணியை மட்டும் விட்டிருப்பார்களே?

"எட்டு வீட்டுலயும் தெரியுமேத்தா. நான் பாத்தா எட்டு வீட்டுப் புள்ளைகளும் பாக்கும். அடுத்தவுக புள்ள படிப்பக் கெடுத்துட்டு எம்புள்ளகிட்டப் பேசவா?"

இதை அம்மாவிடம் பல ஆண்டுகள் கழித்துச் சொன்னேன். "அடப்பாவி மனுசா, ஒரு வார்த்த சொல்லிருந்தா நாங்க விட்டுருக்க மாட்டோமா?" என்றாள். விட்டிருக்க மாட்டார்கள் என்றுதான் நினைக்கிறேன். ஆனால் அதை அம்மாவிடம் சொல்லவில்லை.

அந்த வெள்ளிக்கிழமை மாமாவிடம் சொல்ல எங்களிடம் கதை இல்லை. மணி பதினொன்று. பன்னிரண்டுக்கு அவர் பேச வேண்டும். வாளிமேல் உட்கார்ந்து கார்டைச் சுரண்டிக்கொண்டே, "பரவால்லத்தா, இந்த வாரம் சாப்பாடு பத்தியே கேப்போம்," என்றார்.

தோழி என் கையைப் பிடித்துத் தொட்டிக்குப் பின்னால் இழுத்தாள். "நாங்களே ஒண்டு செய்வம்."

"இல்லாததை நான் நோட்டுல எழுத மாட்டேன்."

"உனக்கு விசரே? ஆர் உன்னை நோட்டில எழுதச் சொன்னது? வாயால சொல்லுவம்."

அரைமணியில் கதை பிறந்தது. நெட்டையும் குட்டையும் தூசிப்புயலில் வழி தவறி, வெளிச்சம் தெரிந்த இடத்தில் நுழைந்தால் அது கல்யாண வீடு. வரச்சொன்ன பாட்டுக்காரர்கள் இவர்கள்தான் என்று நினைத்து மேடையில் ஏற்றிவிடுகிறார்கள். மேடையும் மாலையும் என்னுடையவை. சாப்பாடு தோழியுடையது. பாடி முடித்ததும் இருவரும் புட்டும் மாம்பழமும் சாப்பிட வேண்டும் என்று பிடிவாதமாக நின்றாள்.

மாமா முழுதும் கேட்டார். "ஜப்பான்காரிக புட்டு திம்பாகளா?"

"பசிச்சா ஆரும் தின்னுவினம் மாமா."

தொலைக்காட்சியில் வந்தது இல்லை என்பதையும் நாங்கள் மறைக்கவில்லை. அவர் மணியைப் பார்த்தார். "சரி. இந்த ஒரு வாட்டி," என்றார்.

அந்த ஒருமுறை மூன்று முறையாயிற்று. இரண்டாவது வாரம் கிட்டார் பெட்டி, மூன்றாவது வாரம் டிரம். மகள் சிரித்தாளாம், கேள்வி கேட்டாளாம், தோழிகளுக்குச் சொல்லப் போவதாகச் சொன்னாளாம். நாங்கள் பெருமையில் மிதந்தோம். பதினாறு நாள் கணக்கு வைத்திருந்தவள் நான். எந்த ஞாயிற்றுக்கிழமை குட்டு உடையும் என்று தேதியோடு எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். கதை சொல்லும் உற்சாகத்தில் அந்த ஒரு கணக்கை மட்டும் நான் போடவே இல்லை.

நான்காவது வெள்ளி. போன் ஸ்பீக்கரில் இருந்தது.

"அப்பா, கல்யாண வீட்டுக் கதை வரல." குரல் கனத்திருந்தது. "வேற என்னமோ வந்துச்சு. நான் எல்லார்ட்டயும் சொல்லி வச்சிருந்தேன். திங்கக்கெழமலருந்து என்னயப் பொய்க்காரிங்கறாளுக."

தோழி கையை ஆட்டி, அடுத்த வாரம் வரும் என்று சொல்லுங்கள் என்று சைகை காட்டினாள். மாமா அவளைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு எழுந்து நின்றுகொண்டார்.

"ஆத்தா, அது வராது. டிவில வந்த கதையே இல்ல அது. எனக்கு இங்கிலீசு தெரியாதுல்ல. இங்க ஒன் வயசுல ரெண்டு புள்ளைக இருக்குதுக. அதுகதான் பாத்துட்டு எனக்குச் சொல்லும், நான் ஒனக்குச் சொல்லுவேன். இப்பப் பரிச்சைன்னு டிவி இல்ல. கதை இல்லேன்னா நீ பேசாமப் போயிருவியேன்னு அதுக சொந்தமா உண்டாக்குச்சுக. மூணும் அப்பிடித்தான். தப்பு அதுக மேல இல்ல. அப்பா மேலதான்."

எதிர்முனையில் ஒரு சேவல் கூவியது.

"ம்," என்றாள் மகள். பிறகு, "அம்மாட்ட குடுக்கவா?"

தோழி துணிக் கூடையை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனாள். படிக்கட்டில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. ஒரு பெண்ணைப் பொய்க்காரி ஆக்கியிருந்தோம்; அவள் அப்பாவை மறுபடி "ம்"முக்குக் கொண்டுபோய் விட்டிருந்தோம். அந்த வாரம் முழுக்க நான் அல்ஜீப்ராவைத் திறந்து வைத்துக்கொண்டு அதையேதான் நினைத்துக்கொண்டிருந்தேன். நன்றாகப் படிக்கிறாள் என்று அம்மாவுக்குத் திருப்தி.

அடுத்த வெள்ளி போவதா வேண்டாமா என்று இருவரும் படியிலேயே நின்றோம். மேலே மாமா எங்களைப் பார்த்து, "வாங்கத்தா, இதுல ஒளிஞ்சுக்கிட என்ன இருக்கு," என்றார். ஆனால் எண்களை அழுத்தும்போது இரண்டு முறை தப்பாகிவிட்டது அவருக்கு.

மகள்தான் எடுத்தாள். மாமா "சாப்ட்டியாத்தா" என்று தொடங்கினார். அவள் அதைக் காதில் வாங்கவே இல்லை.

"அப்பா, ஜப்பான்ல ஏது புட்டு? நான் அப்பவே நெனச்சேன்."

தோழி வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அவளுகட்ட, அது குவைத்துல மட்டும் வர்ற கதைன்னு சொல்லிட்டேன். நம்பிட்டாளுக. இப்ப அடுத்தது என்ன, அடுத்தது என்னங்கறாளுக."

"அடுத்தது இல்லியேத்தா. இந்தப் புள்ளைகளுக்குப் பரிச்ச."

"நான் ஒண்ணு வச்சிருக்கேன். சொல்லவா?"

மாமா வாளிமேல் உட்கார்ந்தார். "சொல்லு."

"அவுக ரெண்டு பேரும் குவைத்துக்குப் பாட வாராக. ஒங்க வீட்டுக்குத்தான் வாராக. அதுக்கு மேல சொல்ல வரல. ஒங்க வீடு எப்பிடி இருக்கும்னே எனக்குத் தெரியாதுல்ல."

தான் இருப்பது கம்பெனி வீடு என்று மட்டும்தான் ஊரில் அவர் சொல்லியிருந்தார் என்பது பின்னால் எனக்குத் தெரிந்தது. அன்று அவர் தன் அறைப் பக்கம் திரும்பி உட்கார்ந்தார்.

"நாலு மாடிக் கட்டடம். அதுக்கு மேல மொட்டமாடி. அதுல ஒரு தகர ரூமு. அதுலதான் அப்பா இருக்கேன்."

"தகரமா? வெயிலுக்குச் சுடாதா?"

"சுடும். ஏசி போட்டுருக்காக."

"எத்தன பேரு?"

"நாலு பேரு. எங்கட்டிலு வாசலுக்கு நேரா."

"அப்ப உள்ள நொழைஞ்சதும் ஒங்களத்தான் பாப்பாக," என்றாள் அவள், கதைக்கு இது வசதி என்பதுபோல. "மாடியிலருந்து என்ன தெரியும்?"

"கடலு தெரியும். கொஞ்சோண்டு. இந்தப் பக்கம் நான் வேல பாக்குற எடத்துத் தீ தெரியும்."

"ராத்திரியிலயுமா? அதப் பாத்துத்தான் அவுக வழி கண்டுபிடிக்கிறாக. லிஃப்ட் இருக்கா?"

"இருக்கு. மூணாவது மாடில நின்னு நின்னுதான் மேல வரும்."

"அய், அப்ப அதுல மாட்டிக்கிட்டாக! உள்ள டிரம்மு, கிட்டாரு எல்லாம் இருக்கு. நீங்க மேல ஒக்காந்திருக்கீக. ஒங்களுக்கு அவுக வந்ததே தெரியாது. அப்ப அந்த நெட்டக்காரி என்ன செய்றான்னா..."

கார்டு முடிந்துவிட்டது. பன்னிரண்டு நிமிடமும் அவளே பேசியிருந்தாள். அவள் அம்மாவின் முறை வரவே இல்லை.

மாமா போனைக் கீழே வைக்கவில்லை. தோழிக்குப் பொறுக்கவில்லை. "மாமா, நான் சொல்லட்டே? அவள் டிரம்மை அடிப்பாள், சத்தம் உங்களுக்குக் கேக்கும், நீங்கள் ஓடிப் போய்..."

"வேணாந்தா," என்று அவர் கையைத் தூக்கினார். "நீ சொல்லாத. அது சொல்லட்டும். நான் காத்துக்கிட்டு இருக்கேன்."

அடுத்த வெள்ளிக்கிழமை வரைக்கும், படியில் பார்த்தாலும் லிஃப்டில் பார்த்தாலும், அந்த நெட்டை என்ன செய்தாள் என்று எங்கள் இருவரையும் அவர் ஊகிக்கவே விடவில்லை.